தர்மபுரியில் டிரான்ஸ்ஃபர் கேஸுக்குப் பேப்பர் தயார் செய்துதரும் ஒரு ஜெராக்ஸ் கடை

தர்மபுரி கலெக்டர் ஆபீஸைச் சுற்றி டைப்பிங் கடைகளுக்குப் பஞ்சமில்லை. பட்டா மாறுதல், முதியோர் உதவித்தொகை, வாரிசுச் சான்று என்று எந்த மனுவானாலும் பத்து நிமிடத்தில் அடித்துக் கையில் கொடுத்துவிடுவார்கள். அந்தக் கடைகளில் ஒன்று அரசு ஊழியர்களுக்கென்றே நடக்கிறது. பலகையைப் பார்த்தால் தெரியாது, அதில் ‘ஜெராக்ஸ், டைப்பிங், லேமினேஷன்’ என்றுதான் இருக்கும். முன்னால் ஒரு பெண் மெஷினைப் பார்த்துக்கொள்கிறார். பிளைவுட் தடுப்புக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பவர் ஓய்வு பெற்ற ஒரு கண்காணிப்பாளர். வேலையில் இருந்த காலம் முழுக்க ஊழியர்களின் நியமனம், மாறுதல், ஒழுங்கு நடவடிக்கை ஃபைல்களைக் கவனிக்கும் எஸ்டாபிளிஷ்மென்ட் செக்‌ஷனையே பார்த்தவர். எங்கள் வட்டாரத்தில் அவருக்குப் பெயர் ‘செவன்டீன் பி சார்’.

மெமோ வாங்காதவர்களுக்காக இதைச் சொல்லிவிடுகிறேன். தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகள் 1955 என்று ஒன்று இருக்கிறது. அதில் 17 ஏ சிறிய தண்டனைக்கான மெமோ, 17 பி பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை. இந்த மெமோக்களுக்கு விளக்கம் எழுதித் தருவதுதான் சாரின் முக்கியத் தொழில். நான் போனது மெமோவுக்காக இல்லை, எனக்கு மெமோவே வரவில்லை. நேராக டிரான்ஸ்ஃபர் வந்தது.

எந்தத் துறை, எந்த ஆபீஸ் என்பதை விட்டுவிடுகிறேன். பில் செக்‌ஷனில் உதவியாளராக இருந்தேன். ஒரு கான்ட்ராக்டரின் பில்லில், நடந்த வேலையின் அளவைக் குறித்துவைக்கும் அளவுப் புத்தகத்துக்கும் பில்லுக்கும் கணக்கு ஒத்துவரவில்லை என்று எழுதித் திருப்பி அனுப்பினேன். அவர் நான் பணம் கேட்டதாக மேலே மனு போட்டார். ஒரு அதிகாரி வந்து என்னிடம் வாக்குமூலம் வாங்கிப் போனார். அப்புறம் சத்தமே இல்லை. சில வாரம் கழித்து ‘நிர்வாக நலன் கருதி’ என்று ஒரே வரியில் நாகப்பட்டினத்துக்கு மாறுதல் ஆணை வந்தது, அன்று பிற்பகலே விடுவிப்பு. வீட்டுக்காரர் பாலக்கோட்டில் தக்காளி போட்டிருக்கிறார். காய் பறிக்கிற சமயம் அது, ராயக்கோட்டை மண்டிக்கும் வீட்டுக்கும் அலைந்துகொண்டிருந்தார். பெண் பத்தாவது. குடும்பத்தோடு நாகப்பட்டினம் போவது நடக்கிற காரியமாக இல்லை.

முதலில் போனது இந்தக் கடைக்கு இல்லை, டவுனிலேயே ஒரு வக்கீல் ஆபீஸுக்கு. ஆர்டரைக்கூட முழுசாகப் படிக்காமல் “ரெண்டு நாள்ல ஸ்டே வாங்கிடலாம்மா, அதுவரைக்கும் ஜாயின் பண்ணாதீங்க” என்றார்கள். அட்வான்ஸாக இருபத்தைந்தாயிரம் கேட்டார்கள். நல்லவேளையாகக் கையில் பணம் இல்லை. அங்கிருந்து வெளியே வரும்போது கூட வந்த தோழிதான் இந்தக் கடைக்கு அழைத்துப் போனார்.

இனி கடையைப் பற்றி.

முதல் விஷயம், டோக்கன் கிடையாது, போன் எடுக்கமாட்டார். காலையில் போய் பெஞ்சில் உட்கார வேண்டியதுதான். அந்த பெஞ்ச் ஒரு தனி உலகம். நான் உட்கார்ந்திருந்த அன்று ஒரு போஸ்ட்மேன், ஒரு பஸ் கண்டக்டர், பென்னாகரம் பக்கத்திலிருந்து ஒரு சத்துணவு அமைப்பாளர், ஒரு வாத்தியார் என்று வரிசையாக இருந்தார்கள். எல்லோர் கையிலும் அதே பச்சை ஃபைல். சார் முதலில் செய்வது யார் எங்கே போக வேண்டும் என்று பிரிப்பது. போஸ்ட்மேன் மத்திய அரசு ஊழியர், அவருக்குச் சென்னையில் இருக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். கண்டக்டரிடம் யூனியன் வழியாகத் தொழிலாளர் அலுவலரிடம் போகச் சொன்னார். கெட்ட எண்ணத்தோடு தொழிலாளியை இடம் மாற்றுவதை 1947ஆம் ஆண்டுத் தொழிற்தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை என்று பெயர் சொல்லியே வைத்திருந்தது, புதிய சட்டத் தொகுப்பிலும் அது உண்டு என்றார். எங்களைப் போன்ற மாநில அரசு ஊழியர்களுக்கு ஒரு காலத்தில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. அதை மூடிவிட்டார்கள், இப்போது ஹைகோர்ட்டில் ரிட், அதாவது அரசின் ஆணையை எதிர்த்து நேராகப் போடும் மனுதான். தர்மபுரியும் கிருஷ்ணகிரியும் மதுரைக் கிளைக்குள் வராது, சென்னைதான் போக வேண்டும். மதுரையில் தெரிந்த வக்கீல் இருக்கிறார் என்று வந்த வாத்தியார் அதைக் கேட்டு முகம் சுருங்கிப் போனார்.

என் முறை வந்ததும் ஆர்டரை வாங்கி இரண்டு முறை படித்தார். “ஏம்மா, ஜாயின் பண்ணிட்டியா?” என்பதுதான் முதல் கேள்வி. இல்லை என்றதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் சூரத்திலிருந்து மாற்றப்பட்டு, புதிய இடத்தில் சேராமல் மனு மேல் மனுவாகப் போட்டுக்கொண்டிருந்தார். அவரை வேலையிலிருந்தே அனுப்பிவிட்டார்கள். உச்ச நீதிமன்றம் 1989ல் அது சரிதான் என்று தீர்ப்புச் சொன்னது. மனு கொடுத்திருப்பதோ, பதில் வரவில்லை என்பதோ சேராமல் இருக்கக் காரணம் ஆகாது, தடை ஆணை கையில் இருந்தால் மட்டுமே தப்பலாம் என்பது அதன் சாரம். இதை அவர் புத்தகத்தைத் திறக்காமல் சொன்னார். “நாகப்பட்டினம் போ, ஜாயின் பண்ணு. ஜாயினிங் ரிப்போர்ட்ல ‘எனது சட்டப்பூர்வ உரிமைகளுக்குப் பாதகமின்றி’னு ஒரு வரி சேரு. அப்புறம் மெடிக்கல் லீவோ, ஈஎல்லோ, உன் இஷ்டம்.”

அந்த ஒரு வரிக்கே அவருக்குக் கொடுத்த காசு தகும். ஜாயின் பண்ணாதே என்று சொன்ன ஆபீஸின் பேச்சைக் கேட்டிருந்தால் டிரான்ஸ்ஃபர் போய் 17 பி வந்திருக்கும்.

இரண்டாவதாக, நான் வீட்டில் இரவெல்லாம் உட்கார்ந்து எழுதிக்கொண்டு போன ஆறு பக்கத்தை எடுத்தார். பெண்ணின் பத்தாம் வகுப்பு, மாமியாரின் சர்க்கரை, தக்காளி, நேர்மையாக இருந்த என்னை இப்படிச் செய்யலாமா என்பதெல்லாம் அதில் இருந்தது. சிவப்புப் பேனாவால் பக்கம் பக்கமாகக் கோடு போட்டார். எனக்குக் கோபமாக வந்தது. அடித்ததை அவர் தூக்கிப் போடவில்லை, இரண்டாகப் பிரித்தார் என்பது பிறகுதான் புரிந்தது. குடும்பச் சூழ்நிலை எல்லாம் துறைத் தலைமைக்குக் கொடுக்கும் கோரிக்கை மனுவுக்குப் போனது. அங்கே மனிதர்கள் படிப்பார்கள், இரக்கத்துக்கு இடம் உண்டு. ரிட் பேப்பருக்கு அது உதவாது. கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கலாம் என்பது போன்றவை வழிகாட்டு நெறிகள்தான், அவற்றை வைத்துக் கோர்ட்டில் உரிமை கேட்க முடியாது என்று 1993ல் அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதற்கு முன்பே ஷில்பி போஸ் வழக்கிலும் இதே போக்குதான்: கட்டாய விதி மீறப்பட்டிருந்தாலோ கெட்ட எண்ணம் இருந்தாலோ ஒழிய மாறுதலில் கோர்ட் கை வைக்கக் கூடாது. மாறுதல் என்பது வேலையோடு சேர்ந்து வருவது, இந்த ஊரில்தான் இருப்பேன் என்று கேட்க யாருக்கும் உரிமை இல்லை. இதை எல்லாம் சொல்லிவிட்டுத்தான் அவர் பணம் பற்றியே பேசுகிறார். அப்படியே எழுந்து போகிறவர்களும் உண்டு. எனக்கு முன்னால் இருந்த சத்துணவு அமைப்பாளரை “உனக்கு கேஸ் இல்லம்மா, ஆபீஸரைப் போய்ப் பாரு” என்று அனுப்பிவிட்டார், ஒரு ரூபாய்கூட வாங்கவில்லை.

எனக்குக் கேஸ் இருக்கிறதா என்பதற்கு அவர் கேட்டது ஒன்றே ஒன்று: “புகார் மேல மாத்தினாங்கன்றதுக்கு பேப்பர் இருக்கா?” 1955 விதிகளில் விதி 8 என்னென்ன தண்டனை கொடுக்கலாம் என்று வரிசையாகச் சொல்கிறது. கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம், பதவி இறக்கம், பணிநீக்கம் என்று போகும் அந்த வரிசையில் இடமாறுதல் கிடையாது. ஆகவே தண்டனையாக ஒருவரை மாற்ற முடியாது. தண்டிக்க வேண்டும் என்றால் மெமோ கொடுத்து, விளக்கம் கேட்டு, விசாரித்து, பட்டியலில் இருக்கும் தண்டனையைத்தான் கொடுக்க வேண்டும். இதற்குப் பிடிமானமான தீர்ப்பு சோமேஷ் திவாரி வழக்கு, 2008 டிசம்பரில் வந்தது. போபாலில் இருந்த ஒரு வருவாய்ப் பணி அதிகாரி மேல் மொட்டைக் கடிதம் வருகிறது. விசாரித்ததில் ஒன்றும் கிடைக்கவில்லை. ஆனாலும் ஷில்லாங்குக்கு மாற்றுகிறார்கள். நிர்வாகக் காரணத்துக்காக மாற்றுவது வேறு, தண்டனைக்குப் பதிலாக மாற்றுவது வேறு, இரண்டாவது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம்.

இதைக் கேட்டு நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அவர் உடனே எதிர்ப்பக்கத்தையும் எடுத்துப் போட்டார். 2004ல் ஜனார்தன் தேப்நாத் வழக்கு. மேலதிகாரியிடம் தகாத முறையில் நடந்துகொண்டதாகச் சொல்லி அஞ்சல் துறை ஊழியர்களை வேறு இடத்துக்கு மாற்றினார்கள். விசாரணை நடத்தாமல் மாற்றியது தவறு என்று அவர்கள் வாதாடினார்கள். மாறுதலுக்கு முன் முழு விசாரணை தேவையில்லை, அலுவலக ஒழுங்கைக் காக்க அவசியம் என்று நிர்வாகம் முதல் பார்வையில் திருப்திப்பட்டாலே போதும் என்று சொல்லி அவர்கள் வாதத்தை உச்ச நீதிமன்றம் தள்ளிவிட்டது. “கவர்மென்ட் வக்கீல் இதைத்தான் காட்டுவாரு. உன் கேஸ் இந்த ரெண்டுக்கும் நடுவுல எங்க நிக்குதுன்னு ஃபைல்தான் சொல்லும்.”

ஆகவே மூன்றாவது வேலை, தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி யாரும் எழுதலாம்தான், ஆனால் அவர் எழுதும் விதம் வேறு. ‘என்னை ஏன் மாற்றினீர்கள்’ என்று கேட்டால் அது தகவல் இல்லை என்று இரண்டு வரியில் பதில் வந்துவிடும். ‘இந்த எண்ணுள்ள ஆணை பிறப்பிக்கப்பட்ட கோப்பின் குறிப்புப் பகுதி நகல், பக்க எண்களுடன்’ என்று கேட்கவைத்தார். ஆபீஸ் ஃபைலில் கடிதங்கள் ஒரு பக்கம், அதன்மேல் யார் யார் என்ன எழுதினார்கள் என்பது இன்னொரு பக்கம். நடந்தது எல்லாம் இரண்டாவது பக்கத்தில்தான் இருக்கும் என்பது எஸ்டாபிளிஷ்மென்ட் செக்‌ஷனில் உட்கார்ந்தவருக்குத்தான் தெரியும். முப்பது நாள் கெடு முடியும் தறுவாயில் பக்கத்துக்கு இரண்டு ரூபாய் கட்டச் சொல்லிக் கடிதம் வந்தது, கட்டினேன். வந்த நகலில் இப்படி ஒரு வரி: மேற்படி புகாரின் மீது குற்றச்சாட்டு நிரூபணமாகவில்லை எனினும், பணியாளரை வேறு மாவட்டத்துக்கு மாறுதல் செய்யலாம். கீழே மூன்று கையெழுத்து.

சார் அந்தப் பக்கத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துச் சிரித்தார். நான் அழுதுகொண்டிருந்தேன்.

அடுத்தது எனக்கு மிகவும் உதவிய ஒரு ஆலோசனை. நான் அதிகாரியின் பெயரைப் போட்டு, கான்ட்ராக்டரோடு அவருக்கு இருக்கும் பழக்கத்தை எல்லாம் எழுத வேண்டும் என்று துடித்தேன். தனிப்பட்ட விரோதம் என்று சொன்னால் அவரைப் பெயர் சொல்லிப் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும், தேதி, இடம், சாட்சி என்று ஒவ்வொன்றையும் நிரூபிக்க வேண்டும், கோர்ட் அதை லேசில் நம்பாது. சட்டத்தின் பார்வையில் கெட்ட எண்ணம் என்பது வேறு. புகாருக்கு விசாரணை நடத்தும் அதிகாரத்தை விட்டுவிட்டு மாறுதல் அதிகாரத்தை அதற்குப் பயன்படுத்தினார்கள் என்று ஃபைலை வைத்தே காட்டினால் போதும், யாருக்கும் யார் மேல் கோபம் என்று நிரூபிக்க வேண்டியதில்லை. திவாரி வழக்கிலேயே இந்த வேறுபாட்டைச் சொல்லியிருக்கிறார்கள். “உன் கோபத்தை வீட்ல வெச்சிட்டு வா” என்றார். கடைசியில் பேப்பரில் அதிகாரி பெயர் ஒரு இடத்திலும் இல்லை.

இந்த மாதிரி வழக்கில் தமிழ்நாட்டுக்குப் பழைய சம்பந்தம் உண்டு என்று ஒரு நாள் டீ குடித்துக்கொண்டே சொன்னார். தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவை 1971ல் மாநிலத் திட்டக் குழுவுக்கு மாற்றினார்கள். அவர் உச்ச நீதிமன்றம் வரை போனார், 1973 நவம்பரில் தீர்ப்பு. தன்னிச்சையும் சமத்துவமும் ஜென்ம விரோதிகள் என்று நீதிபதி பகவதி எழுதியது அதில்தான், சட்டம் படிக்கிற எல்லோரும் அதை மனப்பாடம் செய்கிறார்கள். “ஆனா ராயப்பா தோத்துட்டாரு, அதை யாரும் சொல்றதில்ல” என்று கண்ணாடியைத் துடைத்தார்.

குறைகளையும் சொல்ல வேண்டும். சார் இன்னும் யூனிகோடு இல்லாத பழைய வானவில் ஃபான்ட்டில்தான் அடிக்கிறார். நாள்வாரி நிகழ்வுகளை எல்லாம் அழகாகத் தொகுத்து அவர் மெயிலில் அனுப்பியது சென்னை வக்கீலின் லேப்டாப்பில் கிறுக்கலாகத் திறந்தது. அங்கிருந்து போன் மேல் போன் வந்தது. கடைசியில் முன்னால் இருக்கும் பெண் யூனிகோடில் மறுபடி உட்கார்ந்து அடித்தார், அதற்குத் தனியாகக் காசு. இதைச் சொன்னால் “கவர்மென்ட்ல இதான் ஃபான்ட்” என்கிறார். இப்போது கவர்மென்ட்டிலும் இல்லை சார்.

பில் கொடுப்பதில்லை. கோரிக்கை மனுவுக்கு ஐந்நூறு, தகவல் உரிமை மனுவுக்கு இருநூறு, ரிட்டுக்கான முழுத் தொகுப்புக்கு மூவாயிரம் வாங்கினார், ஜெராக்ஸ் தனி. விலை நியாயம்தான், ஆனால் ஒரு சீட்டாவது கொடுக்கலாம். கோபம் சீக்கிரம் வருகிறது. பேப்பரை மடித்துக் கொண்டுபோனால் திட்டு, தேதி சரியாகச் சொல்லாவிட்டால் திட்டு. அரசு விடுமுறை நாள்களில் இருபது வருடப் பழக்கம் போல இன்றைக்கும் கடை மூடியிருக்கும். நமக்கு வசதியான நாள் அதுதான் என்பது அவருக்குத் தோன்றவே இல்லை. பெண்கள் உட்கார்ந்து பேசத் தனி இடம் கிடையாது. பெஞ்சில் இருக்கும் ஏழு பேருக்கும் நம் கதை கேட்கும். என் மேல் பணம் கேட்டதாகப் புகார் என்று சொல்லும்போது எனக்கு அது பெரிய கூச்சமாக இருந்தது.

அவர் வக்கீல் இல்லை, அதை அவரே முதலில் சொல்லிவிடுகிறார். கோர்ட்டில் தாக்கல் செய்யும் பிரமாணப் பத்திரத்தை அவர் தயாரிப்பதில்லை, ஆவணங்களை வரிசைப்படுத்திச் சுருக்கம் எழுதி சென்னையில் சர்வீஸ் மேட்டர் பார்க்கும் ஒரு வக்கீலிடம் அனுப்புகிறார். அவரிடம் கமிஷன் வாங்குகிறாரா என்று நேராகவே கேட்டேன். “வாங்கினா நான் ஏன் இந்த சந்துல உக்காந்திருக்கேன்?” என்றார். இது பதிலா என்று தெரியவில்லை, ஆனால் வக்கீல் ஃபீஸ் டவுன் ஆபீஸ் கேட்ட அட்வான்ஸைவிடக் குறைவாகவே முடிந்தது. மொரப்பூரில் ரயில் ஏறிப் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தேன். மற்றதெல்லாம் போனிலேயே நடந்தது. வழக்கு எந்த நாள் வருகிறது என்பதை சாயங்காலம் ஹைகோர்ட் தளத்தில் காஸ் லிஸ்ட் போட்டதும் அந்தக் கடைப் பெண்ணே பார்த்துச் சொல்லிவிடுவார், அதற்குக் காசு இல்லை.

முடிவு என்ன ஆனது என்று கேட்பீர்கள். முதல் நாளே ஸ்டே கிடைக்கவில்லை. அரசு வக்கீல் நோட்டீஸ் வாங்கிக்கொண்டு பதில் போட நேரம் கேட்டார், வாய்தா ஆனது. பல பேருடைய வழக்கு இந்தக் கட்டத்திலேயே ‘கோரிக்கை மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்கவும்’ என்ற உத்தரவோடு முடிந்துவிடும். துறை பரிசீலித்து ‘ஏற்க இயலாது’ என்று எழுதிவிடும், மறுபடி முதலிலிருந்து. எனக்கு அப்படி ஆகாததற்குக் காரணம் அந்த ஃபைல் பக்கம் முதல் நாளிலேயே டைப்செட்டில், அதாவது மனுவோடு கோர்ட்டில் கொடுக்கும் ஆவணத் தொகுப்பில், இருந்ததுதான் என்று வக்கீல் சொன்னார். கடைசியில் மாறுதல் ஆணை ரத்து. புகார் மேல் விதிப்படி நடவடிக்கை எடுக்க வேண்டும் என்றால் துறை எடுத்துக்கொள்ளலாம் என்று கோர்ட் கதவைத் திறந்தும் வைத்தது.

துறை அந்தக் கதவு வழியாக வந்துவிட்டது. திரும்பி வந்த என்னைப் பழைய செக்‌ஷனில் உட்காரவைக்கவில்லை, மாவட்டத்துக்குள்ளேயே அரூர் பக்கம் போட்டார்கள். அதை எதிர்க்க வேண்டாம் என்று சார் சொன்னார், பஸ்ஸில் போய் வருகிறேன். போன மாதம் அதே பில் விஷயத்துக்கு 17 ஏ மெமோ வந்தது. விளக்கம் அவரிடம்தான் கொடுத்திருக்கிறேன், இன்னும் அடித்து முடிக்கவில்லை.

ஐந்துக்கு நான்கு கொடுக்கிறேன். ஃபான்ட்டுக்கும் பெஞ்சுக்கும் சேர்த்து ஒன்று குறைத்தேன்.

போகிறவர்கள் மாறுதல் ஆணை, விடுவிப்பு ஆணை, சேர்க்கை அறிக்கை, புகார் நகல் இருந்தால் அது, வாக்குமூலம் கொடுத்திருந்தால் அதன் தேதி, எல்லாவற்றையும் மடிக்காமல் எடுத்துப் போங்கள். காலை பத்தரைக்கு மேல் போனால் பெஞ்சில் இடம் இருக்காது. திங்கட்கிழமை போகவே வேண்டாம், கலெக்டர் ஆபீஸில் மனு நாள், சந்து முழுக்கக் கூட்டம்.